கடைசிப் பெட்டி வராத ஞாயிறு

காலை ஒன்பது பத்து. பூனாவில், கட்கியில் ஒரு தியேட்டர் வாசலில் முதலில் கண்ணில் பட்டது மாமாவின் முதுகு. தூறலில் சட்டை நனைந்து ஒட்டியிருந்தது. படியில் குந்தி உட்கார்ந்து, ஆட்டோவிலிருந்து இறக்கிய தகரப் படப்பெட்டிகளின் மூடியில் சாக்பீஸால் எழுதியிருந்த எண்களை விரல் வைத்துப் பார்த்துக்கொண்டிருந்தார். கடைசி எண்ணுக்கு வந்ததும் மறுபடி முதலிலிருந்து தொடங்கினார்.

எங்களைப் பார்த்து எழுந்தார். அம்மாவிடம் "வாக்கா" என்றார். அப்பாவிடம், "வாங்க மச்சான், மேல போங்க, பால்கனியில மொத வரிச போட்டு வெச்சிருக்கேன்" என்றார். என்னை மட்டும் கையைப் பிடித்துப் போஸ்டர் பலகைக்குப் பின்னால் இழுத்தார்.

"பாப்பா, ஒரு பெட்டி வரல."

"எது?"

"கடைசிப் பெட்டி. நேத்து தாராவியில ஓட்டிட்டு வண்டியில ஏத்தும்போது அங்கயே விட்டுட்டானுங்க. பத்தே முக்காலுக்கு வர்ற ரயில்ல அனுப்புறேன்னு போன்ல சொல்லியிருக்கான். நானே போயி எடுத்தாந்துருவேன்."

"வரலேன்னா?"

"வாய வெக்காத. அக்காகிட்ட மூச்சு விடாத. சகுனம் அது இதுன்னு ஆரம்பிச்சிரும்."

அன்றைக்குச் சகுனம் ஏன் பெரிய விஷயம் என்பதைச் சொல்லிவிட வேண்டும். திருச்சிப் பக்கத்தில் எங்கள் உறவுகளுக்குள் ஒரு வழக்கம் உண்டு. சாவு விழுந்த வீட்டில் காரியமெல்லாம் முடிந்த பிறகு, அந்த வீட்டுப் பெண்ணின் உடன்பிறந்தவன் வந்து எல்லோரையும் ஒரு சினிமாவுக்குக் கூட்டிப்போக வேண்டும். படம் பார்த்துவிட்டு அவன் வீட்டில் கறிச்சோறு சாப்பிட வேண்டும். அதோடு துக்கம் முடிந்தது. மறுநாளிலிருந்து அந்த வீட்டார் கல்யாணத்துக்குப் போகலாம், பண்டிகை கொண்டாடலாம். ஒரே ஒரு நிபந்தனை. படத்தைக் கடைசிவரை பார்க்க வேண்டும். பாதியில் எழுந்து வந்தால் துக்கமும் பாதியில் நிற்கும் என்பார்கள். ஊரில் பதினாறாம் நாள் முடிந்ததுமே இதைச் செய்துவிடுவார்கள். எங்கள் வீட்டில் அம்மாதான் மறுத்தாள். "ஒரு வருஷம் ஆகட்டும்" என்றாள். மாமா மூன்று தடவை வந்து கேட்டுப் பார்த்து விட்டுவிட்டார்.

அந்த வருஷம் முடிந்து மூன்றாவது ஞாயிறு அது. தொண்ணூறுகளின் நடுவில், ஒரு ஆகஸ்ட் மாதம்.

ஊராக இருந்தால் நாலைந்து தியேட்டர் போஸ்டர்களைப் பார்த்துச் சிரிப்புப் படமாகத் தேர்ந்தெடுத்திருப்பார்கள். பூனாவில் தமிழ்ப் படம் மாதத்துக்கு ஒன்றுதான் வரும். ஞாயிறு காலை ஒரே ஒரு காட்சி. ஒன்பதரைக்குத் தொடங்கி, தியேட்டர்காரர்களின் வழக்கமான இந்திப் படத்துக்கு முன்னால் முடித்துக்கொடுக்க வேண்டும். கட்கித் தொழிற்சாலையில் வேலை பார்த்துக்கொண்டு போபோடியில் குடியிருந்த மாமாவும் அவருடைய நண்பர்கள் சிலரும்தான் இதை நடத்தினார்கள். பம்பாயிலிருந்து பெட்டி வரும், இங்கே ஓடும், அப்படியே சோலாப்பூருக்குப் போகும். மாமா நகைச்சுவைப் படம் வேண்டும் என்று சொல்லித்தான் கேட்டிருந்தார். போஸ்டரில் கதாநாயகன் பனி மூடிய மலைச் சரிவில் மப்ளர் சுற்றிக்கொண்டு நின்றிருந்தான். காதல் படம் என்று மாமா முடிவு செய்துவிட்டார். கதை என்னவென்று யாரிடமும் கேட்கவில்லை.

இறந்தது என் தம்பி. பத்தொன்பது வயது. பொறியியல் இரண்டாம் ஆண்டு.

முந்தின வருஷம் ஜூலையில், இதேபோல ஒரு ஞாயிற்றுக்கிழமை, நண்பர்களோடு பவனா அணைக்குப் போவதாகச் சொன்னான். நிக்டியில் எங்கள் வீட்டின் முன்னறையில் நாங்கள் நான்கு பேரும் இருந்தோம். "மழக்காலத்துல அணைப் பக்கம் என்னடா வேல? வேண்டாம்" என்றாள் அம்மா. அவன் அப்பாவைப் பார்த்தான். அப்பா ஷூவுக்குப் பாலிஷ் போட்டுக்கொண்டிருந்தார். "போயிட்டு வரட்டும் விடு. இந்த வயசுல போகாம எப்பப் போவான்?" என்றார். அம்மா மறுபடி ஏதோ சொல்ல வாயெடுத்தாள். அதற்குள் அவன் செருப்பை மாட்டிக்கொண்டு வெளியே போய்விட்டான். நான் ஒரு ஆங்கில நாளிதழில் நகரச் செய்திப் பிரிவில் இருந்தேன்; போட்டிப் பத்திரிகையைப் படித்துக்கொண்டிருந்தேன். மழைக்காலத்தில் அந்த அணையில் என்ன நடக்கும் என்பது அந்த வீட்டில் மற்ற மூவரையும்விட எனக்குத்தான் அதிகம் தெரியும். மூழ்கிப்போனவர்களைப் பற்றி ஒவ்வொரு வருஷமும் மூன்று வரிச் செய்தியாக நானே எழுதியிருக்கிறேன். பத்திரிகையிலிருந்து தலையைத் தூக்கவில்லை.

அதன் பிறகு அந்த முன்னறையில் அம்மா சொன்னதையும் அப்பா சொன்னதையும் நான் சொல்லாததையும் பற்றி யாரும் பேசவில்லை. பேச்சே நின்றுவிட்டது என்று சொல்ல மாட்டேன். கேஸ் தீர்ந்துபோனதைப் பேசினார்கள், தண்ணீர் வராததைப் பேசினார்கள், மேல்மாடிக்காரர் துணி உலர்த்துவதைப் பேசினார்கள். டிவியின் பிளக்கைப் பிடுங்கி அதன் மேல் ஒரு போர்வையைப் போட்டாள் அம்மா. தீபாவளிக்கு அடுப்பில் எண்ணெய்ச் சட்டி ஏறவில்லை. பாட்டு, படம், பண்டிகை எதுவும் ஒரு வருஷத்துக்கு யாருக்கும் கிடையாது என்றாள். அப்பா சரி என்றார். தான் வேலை பார்த்த தொழிற்சாலையில் இரண்டாம் ஷிப்டைக் கேட்டு வாங்கிக்கொண்டார். நாங்கள் தூங்கிய பிறகு வந்து, மூடிவைத்த தட்டை எடுத்துச் சாப்பிட்டுவிட்டுப் படுப்பார்.

ஜனவரியில் பெரியப்பாவின் நிலப் பத்திரத்தில் கையெழுத்துப் போட வேண்டும் என்று திருச்சிக்குப் போனார். நான்கு நாளில் வருவதாகச் சொன்னவர் இரண்டு வாரம் கழித்து வந்தார். பொங்கல் கூட்டம், ரயிலில் இடமில்லை என்றார். அந்த இரண்டு வாரமும் அம்மா தினமும் காலையில் அவருக்கும் சேர்த்து அரிசி களைந்தாள். அவர் வந்ததும் அவள் ஒன்றும் கேட்கவில்லை. இவர் வராமலே இருந்துவிடுவாரோ என்ற யோசனை அப்போது எனக்கு வந்தது. அம்மாவுக்கும் வந்திருக்கும்.

படம் ஒன்பதே முக்காலுக்குத் தொடங்கியது. அம்மா நடுவில், அப்பா அவளுக்கு வலது பக்கம், நான் இடது பக்கம். பால்கனி முக்கால்வாசி நிரம்பியிருந்தது. கீழே குழந்தைகள் தமிழிலும் மராத்தியிலும் கத்திக்கொண்டிருந்தார்கள்.

தொடக்கத்தில் சிரிப்புக் காட்சிகள்தான். கதாநாயகன் ஒரு சிற்றூரில் மின்வாரிய ஊழியன். மனைவி, பத்து வயது மகன். வீட்டுச் சொந்தக்காரர் ஒருவர் தினமும் ஏதாவது காரணம் சொல்லி இவர்கள் வீட்டுக்குள் வந்து காப்பி குடித்துவிட்டுப் போவார். ஒரு காட்சியில் மனைவி உப்புப் போட்ட காப்பியைக் கொடுக்க, அவர் முகத்தில் காட்டாமல் குடித்துவிட்டு இன்னொரு டம்ளர் கேட்கிறார். அம்மா சிரித்துவிட்டாள். சத்தமாக. அந்தச் சத்தத்தைக் கேட்டு அவளே திடுக்கிட்டு, புடவைத் தலைப்பால் வாயைப் பொத்திக்கொண்டு, முதலில் என்னையும் பிறகு அப்பாவையும் பார்த்தாள். கடையில் எதையோ எடுத்து மடியில் வைத்துக்கொண்டு பிடிபட்டவளைப் போல இருந்தது அந்தப் பார்வை. நான் படத்தைப் பார்ப்பதாகப் பாவனை செய்தேன். உண்மையில் அன்று நான் படத்தைவிட அவர்கள் இருவரையும்தான் அதிகம் பார்த்தேன். வேலை அப்படிப் பழக்கியிருந்தது. அதற்காக இன்றும் எனக்கு என் மேல் மரியாதை இல்லை.

அந்த மகனுக்குத் தகப்பன் ஒரு சைக்கிள் வாங்கிக் கொடுக்கிறான். பக்கத்து ஊரில் தேர். சைக்கிளில் போகிறேன் என்கிறான் பையன். தாய், மெயின் ரோட்டில் போக வேண்டாம் என்கிறாள். தகப்பன், "போகட்டும் விடு" என்கிறான்.

நான் திரும்பிப் பார்த்தேன். அம்மா அசையவில்லை. திரையில் பையன் மணியடித்துக்கொண்டு வயல்களுக்கு நடுவில் போகிறான். நல்ல வெயில், பின்னணியில் புல்லாங்குழல். பயப்பட ஒன்றுமே இல்லை. ரோட்டில் ஒரு வண்டிகூட இல்லை. அப்போது அப்பாவைப் பார்த்தேன். அவர் கண்களை இறுக மூடிக்கொண்டிருந்தார். முகத்தைச் சுவர்ப் பக்கம் திருப்பிக்கொண்டிருந்தார்.

லாரி அதற்குப் பிறகுதான் வந்தது.

வருவது என்னவென்று தெரிந்தவர்தான் அப்படிக் கண்ணை மூடுவார். இந்தப் படம் பொங்கலுக்குத்தான் வெளியானது. அப்பா பொங்கலன்று திருச்சியில் இருந்தார். எனக்கு வேறு சாட்சி தேவைப்படவில்லை. அம்மா போட்ட ஒரு வருஷத் தடையின் நடுவில், மகன் போன ஆறாம் மாதத்தில், அப்பா தனியாக ஒரு தியேட்டரில் உட்கார்ந்து இதைப் பார்த்திருக்கிறார். அம்மா இங்கே அரிசி களைந்துகொண்டிருந்தாள்.

இடைவேளையில் மாமா மூச்சு வாங்க மேலே வந்தார். முகம் வெளுத்திருந்தது.

"அக்கா, சத்தியமா எனக்குத் தெரியாதுக்கா. காமெடிப் படம்னுதான் சொன்னானுங்க. எந்திரி, போயிரலாம். அடுத்த மாசம் வேற படம் பாத்துக்கலாம்."

"உக்காந்தாச்சு. இனிமே எந்திரிக்கக் கூடாது" என்றாள் அம்மா.

"இல்லக்கா..."

"முடியட்டும்டா. நீ போயி ஒன் வேலையப் பாரு."

அப்பா கீழே போய் மூன்று பொட்டலம் வடா பாவ் வாங்கி வந்தார். எனக்கு ஒன்று கொடுத்தார். அம்மாவுக்கு நீட்டினார். அவள் வாங்கி மடியில் வைத்துக்கொண்டாள், பிரிக்கவில்லை. மாமா என் காதில், "பத்தே முக்கா வண்டி அர மணி நேரம் லேட்டாம்" என்று சொல்லிவிட்டு ஓடினார்.

இரண்டாம் பாதியில் அந்த மின்வாரிய ஊழியன் ஒரு நாள் காலை சாப்பாட்டுத் தூக்கோடு வேலைக்குக் கிளம்புகிறான். வழக்கமான பஸ் வருகிறது. ஏறாமல் நிற்கிறான். எதிர்த் திசையில் போகும் பஸ்ஸில் ஏறிக்கொள்கிறான். எங்கோ ஒரு மலை ஊரில் இறங்கி, தூக்கில் இருந்த சோற்றை ஒரு பாறையில் உட்கார்ந்து சாப்பிட்டுவிட்டு, ஒரு டீக்கடையில் வேலைக்குச் சேர்கிறான். வேறு பெயர் சொல்கிறான். அங்கே அவனிடம் யாரும் எதையும் கேட்பதில்லை. அவன் கொஞ்சம் கொஞ்சமாகச் சிரிக்கத் தொடங்குகிறான். மனைவி வீட்டில் தனியாக இருப்பதும் மாறி மாறி வரும். இவன் சிரிக்கும் ஒவ்வொரு தடவையும் பார்ப்பவருக்கு அவள் ஞாபகம் வரும்படி எடுத்திருந்தார்கள். அப்பாவின் கைகள் முழங்காலைப் பிடித்திருந்தன.

பன்னிரண்டு மணிக்குச் சற்று முன்னால் திரை வெள்ளையாகிவிட்டது. மலைப்பாதையில் ஒரு பஸ் ஏறிவர, அதன் ஜன்னலில் மனைவியின் முகம். அவ்வளவுதான். கீழே விசில். "ஆபரேட்டர் தூங்கிட்டாரா?" என்று ஒருவர் கத்தினார். ஆபரேட்டர் மராத்திக்காரர், அவர் அறையின் சின்ன ஜன்னல் வழியாகத் தலையை நீட்டி, "ரீல் சம்ப்லி, சாஹேப்!" என்றார். ரீல் தீர்ந்துவிட்டது, அவர் என்ன செய்வார்.

விளக்குகள் எரிந்தன. மாமா திரைக்கு முன்னால் வந்து நின்றார். கை கூப்பினார்.

"பெரியவங்க எல்லாரும் மன்னிக்கணும். கடைசிப் பெட்டி வந்து சேரல. ரயில் லோனாவ்லாகிட்ட நிக்குது. தியேட்டர்காரங்க நமக்கு இன்னும் பத்து நிமிஷம்தான் குடுப்பாங்க."

சத்தம் பெருகியது. "பாதிப் படத்துக்கா பிம்ப்ரிலேர்ந்து வந்தோம்?" "புருஷன் கெடச்சானா இல்லியான்னாவது சொல்லுய்யா!" மாமா கை கூப்பியபடியே நின்றார். "யாராச்சும் ஊர்ல இந்தப் படத்தப் பாத்திருந்தா தயவுசெஞ்சு முன்னால வந்து முடிவச் சொல்லுங்க. புண்ணியமாப் போகும்."

யாரும் எழவில்லை. மாமா பால்கனியைப் பார்த்தார். அவர் கவலை அந்தக் கூட்டத்தைப் பற்றியது அல்ல. முடிவு தெரியாமல் அக்காவை எப்படி வெளியே கூட்டிப்போவது, எப்படிக் கறிச்சோறு போடுவது?

நான் அப்பாவைப் பார்க்காமல் இருக்க முயன்றேன். எனக்கு மட்டும்தான் தெரியும் என்று நினைத்துக்கொண்டிருந்தேன்.

அம்மா திரையிலிருந்து கண்ணை எடுக்காமல் சொன்னாள். "போயிச் சொல்லுங்க."

அப்பா அவள் பக்கம் திரும்பினார்.

"நீங்கதான் பாத்திருக்கீங்கல்ல. போயிச் சொல்லுங்க. எல்லாரும் ஒக்காந்திருக்காங்க."

அவள் குரலில் கோபம் இல்லை. வாசலில் பால்காரர் நிற்கிறார், போய் வாங்குங்கள் என்று சொல்வது போல இருந்தது. அப்பா எழுந்து, வரிசையில் இருந்தவர்களின் முழங்கால்களைத் தாண்டி, படியிறங்கிப் போனார். அவர் கீழே நடைபாதையில் தெரிய நேரமாயிற்று. வெளியே போய்விட்டார் என்றே நினைத்தேன். அம்மாவின் கை வடா பொட்டலத்தை அழுத்திக்கொண்டிருந்தது. பிறகு அவர் திரைக்கு முன்னால் மாமாவின் பக்கத்தில் வந்து நின்றார்.

"நான் இந்தப் படத்தத் திருச்சியில பாத்தேன்" என்றார்.

"சத்தமா சொல்லுங்க சார்!"

"திருச்சியில பாத்தேன். பல தடவ பாத்தேன்."

"அப்ப நல்ல படம்தான்!" என்று யாரோ சொல்ல, கூட்டம் சிரித்தது. "பாட்டு இருந்தா பாடிக் காட்டுங்க சார்" என்றார் இன்னொருவர். அப்பாவும் சிரிக்கப் பார்த்தார். வரவில்லை.

"அந்த ஆளு ஒரு நாள் காலையில எந்திரிக்கிறான். டீக்கடைக்காரன்கிட்ட சொல்லிட்டு பஸ் ஏறுறான். வீட்டுக்கு வர்றான்."

"அந்தம்மாதான பஸ்ல வந்துச்சு?"

"அது வேற. அது இவனப் பாக்கல, திரும்பிருது. இவனாத்தான் வர்றான். வந்து வாசல்ல நிக்கிறான். கதவத் தட்டல. விடிஞ்சதும் அந்தம்மா வாசத் தெளிக்க வருது. பாக்குது."

"கட்டிப் பிடிச்சு அழுவுறாங்களா?" முன்வரிசையில் ஒரு பெண்.

"இல்லீங்க. அந்தம்மா கேக்குது. 'நான் வேண்டாம்னு சொன்னேன்ல. நீங்கதான அனுப்புனீங்க'ன்னு."

கூட்டம் அடங்கியது. எங்கள் குடும்பத்தைத் தெரிந்தவர்கள் அங்கே இருந்தார்கள். எத்தனை பேருக்குப் புரிந்தது என்று எனக்குத் தெரியாது. மாமா தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"அவன் ஆமாங்குறான்" என்றார் அப்பா. குரல் பால்கனிவரை வர வேண்டும் என்பதற்காகக் கழுத்தை உயர்த்தினார். "'ஆமா, நான்தான் அனுப்புனேன். நீ வேண்டாம்னு சொல்லியும் நான்தான் அனுப்புனேன்'ங்குறான். அவ்வளவுதாங்க. அதோட முடிஞ்சிருது."

யாரும் கேலி செய்யவில்லை. கடைசியில் பாட்டுக் கேட்டவர்தான், "வணக்கம் போட்டாங்களா சார்?" என்றார், இந்தத் தடவை மெதுவாக.

"போட்டாங்க" என்றார் அப்பா. பிறகு தானே கை கூப்பி, "வணக்கம்" என்றார். ஜனங்கள் கைதட்டினார்கள். அம்மா தட்டவில்லை. அவள் குனிந்து செருப்பைத் தேடிக்கொண்டிருந்தாள்.

போபோடியில் மாமா வீட்டில் அத்தை ஆட்டுக்கறிக் குழம்பு வைத்திருந்தாள். முதல் கவளம் அம்மாதான் எடுக்க வேண்டும். எடுத்தாள். நாங்களும் சாப்பிட்டோம். ஒரு வருஷத்துக்குப் பிறகு கறி, பசியும் இருந்தது. நான் இரண்டாம் தடவை சோறு கேட்டு வாங்கினேன். வாங்கும்போதே கை கூசியது. அத்தை அதைப் பார்த்துவிட்டு, "சாப்புடு, அதுக்குத்தான போட்டது" என்றாள்.

பிற்பகல் லோக்கல் ரயிலில் திரும்பினோம். ஞாயிறு என்பதால் கூட்டம் இல்லை. அப்பாவும் அம்மாவும் எதிரெதிராக ஜன்னலோரம் உட்கார்ந்தார்கள். பிம்ப்ரி தாண்டியது. பிறகு அம்மா கேட்டாள்.

"அதுக்கு அவ என்ன சொன்னா?"

"எவ?"

"படத்துலதான். அவன் ஆமான்னான். அதுக்கு அவ என்ன சொன்னா?"

அப்பா வெளியே பார்த்தார். "அது படத்துல இல்ல."

"என்ன படம் எடுக்குறானுங்க" என்றாள் அம்மா. "அவளக் கேக்க வெச்சான், அவனச் சொல்ல வெச்சான். அவளுக்கு ஒரு வார்த்த எழுதக் கூடாது?"

அப்பாவின் முகம் கோணியது. கைக்குட்டையை எடுத்து மூக்கைச் சிந்தினார். அம்மா மடியிலிருந்த வடா பொட்டலத்தைப் பிரித்து, ஆறிப்போனதைப் பிட்டு, பாதியை அவரிடம் நீட்டினாள். எனக்குக் கொடுக்கவில்லை. அது பரவாயில்லை.

செவ்வாய்க்கிழமை மாமா என் அலுவலகத்துக்குப் போன் செய்தார்.

"பாப்பா, பெட்டி அன்னைக்கு மத்தியானமே வந்துருச்சு. சோலாப்பூருக்கு அனுப்புறதுக்கு முன்னாடி ஆபரேட்டர்கிட்ட சொல்லி நேத்துக் காலையில போட்டுப் பாத்தேன். மச்சான் சொன்னது எதுவும் அதுல இல்ல."

"என்ன இருக்கு?"

"அந்தம்மா போற பஸ்ஸு அந்த டீக்கடை வாசல்லயே நிக்குது. அவ எறங்கி டீ குடிக்கிறா. இவன் உள்ள கதவுக்குப் பின்னால நின்னு பாக்குறான். பஸ்ஸு கெளம்பிப் போவுது. இவன் வெளிய வந்து அவ குடிச்ச கிளாஸக் கழுவுறான். முடிஞ்சுது. வீட்டுக்கே போகல பாப்பா அந்தாளு." மாமா குரலைத் தாழ்த்தினார். "அக்காகிட்ட சொல்லணுமா? முழுப் படமும் பாக்கலேன்னுதான ஆவுது கணக்கு?"

"வேண்டாம் மாமா."

"நீ சொன்னா சரி. படிச்ச புள்ள."

பத்திரிகையில் தவறு வந்தால் மறுநாள் நான்காம் பக்கத்தில் திருத்தம் போடுவோம். பல வருஷம் அந்தப் பத்தியை நான்தான் எழுதினேன். இந்த ஒன்றைப் போடவில்லை. அம்மாவுக்காகப் போடவில்லை என்று அப்போது நினைத்தேன். இப்போது அப்படிச் சொல்லத் தயக்கமாக இருக்கிறது. அந்த முன்னறையில் தம்பியைத் தவிர மூன்று பேர் இருந்தோம். ஒருவர், வேறொருவன் பெயரில், முந்நூறு பேருக்கு முன்னால், தன் பங்கைச் சொல்லிவிட்டார். அதைக் கதை என்று நான் திருத்தப் போனால், நீ அன்றைக்கு என்ன செய்துகொண்டிருந்தாய் என்ற கேள்வி அடுத்து என்னிடம் வரும். அது வராமல் இருப்பது எனக்கும் வசதியாக இருந்தது.

அப்பா அந்த மாதம் இரண்டாம் ஷிப்ட் கேட்பதை நிறுத்தினார். திருச்சியில் அந்த இரண்டு வாரம் எங்கே தங்கினார், ஏன் திரும்பத் திரும்பப் போய் அதே படத்தைப் பார்த்தார், எதற்காகத் திரும்பி வந்தார் என்று அம்மா அவரிடம் கேட்டாளா, தெரியாது. என் காதில் விழவில்லை.

இரண்டாயிரத்துக்குப் பிறகு நான் பூனாவிலேயே ஔந்தில் ஒரு ஃபிளாட்டில் இருந்தேன். அப்பா ஓய்வு பெற்றுவிட்டார். சனிக்கிழமைகளில் இருவரும் நிக்டியிலிருந்து வந்து ஞாயிறு மாலை திரும்புவார்கள். என் வீட்டில் கேபிளில் தமிழ்ச் சேனல் வந்தது. அம்மாவுக்கு அதுதான் முக்கியம். ஒரு ஞாயிறு பிற்பகல் நான் சமையலறையில் இருந்தபோது உப்புப் போட்ட காப்பிக் காட்சியின் வசனம் கேட்டது. கையைத் துடைத்துக்கொண்டு வந்து பார்த்தேன். அம்மா சோபாவில் கால் மடக்கி உட்கார்ந்திருந்தாள். அப்பா பக்கத்தில். ரிமோட் அவர் கையில் இருந்தது. அவர் மாற்றவில்லை.

நான் நின்றபடியே பார்த்தேன். சைக்கிள், வயல், புல்லாங்குழல். அப்பா இந்தத் தடவை கண்ணை மூடவில்லை. மலை ஊர் வந்தது, பாறையும் தூக்கும் வந்தன. பஸ் ஜன்னலில் அந்தப் பெண்ணின் முகம் வந்தது, அதற்கு மேலும் ஓடியது. பஸ் நின்றது. அவள் இறங்கி டீ குடித்தாள். கதவுக்குப் பின்னால் அவன் நின்றான். பஸ் போயிற்று. அவன் கிளாஸைக் கழுவினான். வணக்கம் என்ற எழுத்து வந்து, ஒரு சோப்பு விளம்பரம் தொடங்கியது.

அப்பா ரிமோட்டைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்.

"வெட்டிட்டான் பாருங்க" என்றாள் அம்மா.

அப்பா நிமிர்ந்தார்.

"அவன் வீட்டுக்கு வர்றான்ல, வாசல்ல நிக்கிறான்ல, அத வெட்டிட்டான். விளம்பரம் போட எடம் வேணும்னு முக்கியமானத எடுத்துர்றானுங்க." என் பக்கம் திரும்பினாள். "நீ பேப்பர்லதான இருக்க, இதெல்லாம் எழுத மாட்டியா?"

அன்று அந்தச் சேனலில் படம் ஒரு காட்சிகூட வெட்டாமல் முழுவதும் ஓடியது.